இருநூற்று நாற்பது கட்டங்கள்: பச்சைக் கட்டம்

அத்தியாயம் 11

போன வியாழக்கிழமை ஒரு வாடிக்கையாளர் வீட்டுக் குளியலறையில் முட்டி போட்டு உட்கார்ந்த அப்பாவால் எழுந்திருக்க முடியவில்லை. கூட வேலை செய்த இரண்டு பேர் கைத்தாங்கலாக வீட்டுக்குக் கொண்டுவந்து விட்டார்கள். டாக்டர், "இனிமே அரை நாளுக்கு மேல முட்டி போடக் கூடாது" என்றார். அப்பா டைல்ஸ் மேஸ்திரி. முட்டி போடாமல் டைல் எப்படிப் பதிப்பது என்று டாக்டரிடம் யாரும் கேட்கவில்லை.

மறுநாளே அப்பா யாரிடமும் சொல்லாமல் பேங்குக்குப் போய் ஒரு விண்ணப்பத்தோடு வந்தார். வீட்டுக் கடனை மறுபடி இருபது வருஷத்துக்கு நீட்டினால் மாசத் தவணை 17,995-லிருந்து 10,729 ஆகக் குறையும். இன்று மூன்று மணிக்கு அப்பாவும் அம்மாவும் கையெழுத்துப் போட வேண்டும்.

அதற்குள் நான் ஒரு கணக்கைச் சொல்லி அவரைத் தடுக்க வேண்டும். சிக்கல் என்னவென்றால், என் கணக்கு தப்பாக இருந்தது.

நான் பகலில் மூக்குக் கண்ணாடிக் கடையில் லென்ஸ் தேய்க்கிறேன். வாரத்தில் மூன்று மாலை கணக்குப் பதிவியல் வகுப்புக்குப் போகிறேன். போன மாதம் வகுப்பில் வீட்டுக் கடன் பாடம் நடந்தது. ஒவ்வொரு தவணையிலும் வட்டி எவ்வளவு, அசல் எவ்வளவு என்று பிரித்து எழுதுவது. உதாரணத்துக்கு எங்கள் வீட்டுக் கடனையே எடுத்துக்கொண்டேன். இருபது லட்சம், ஒன்பது சதவீத மாறாத வட்டி, இருநூற்று நாற்பது மாதம். சூத்திரத்தின் மேல் நம்பிக்கை வராமல், கட்டி முடித்த நூற்றெட்டு மாதங்களையும் ஒவ்வொரு வரியாக நோட்டில் எழுதிப் பார்த்தேன். நான்கு நாள் ஆயிற்று. இரண்டு பேனா தீர்ந்தது.

இன்று காலை, அப்பா டீ குடித்துக்கொண்டிருந்தபோது நோட்டை எடுத்துக்கொண்டு போய் நின்றேன்.

"அப்பா, உங்க படத்துல எல்லாக் கட்டமும் ஒரே அளவுல இருக்கு. நிஜத்துல அப்படி இல்லப்பா."

"என்னம்மா சொல்றே? ரசமட்டம் வச்சுக் கோடு போட்டது. வேணும்னா நூல் பிடிச்சுப் பாத்துக்கோ."

அந்தப் படம் படுக்கையறைக் கதவின் பின்பக்கம் இருக்கிறது. வீடு வாங்கிய அன்று அப்பா வரைந்து ஒட்டியது. எங்கள் வீட்டின் தரையை அப்படியே இருநூற்று நாற்பது கட்டமாகப் பிரித்திருந்தார். ஹாலுக்கு அறுபது, சமையலறைக்கு நாற்பத்தெட்டு, மீதி படுக்கையறைகளுக்கும் குளியலறைக்கும். தவணை கட்டிய அன்று சிவப்புப் பென்சிலால் ஒரு கட்டத்தை நிரப்புவார். போன மாதத்தோடு சமையலறை முடிந்தது. வருகிறவர்களிடம் எல்லாம், "ஹால் நம்முது, சமையலறை நம்முது. படுக்கையறை இன்னும் பேங்க்காரனுது. அதான் எனக்கு அங்க தூக்கம் வர்றதில்ல" என்பார்.

நூற்றேழு கட்டம் சிவப்பு. ஒன்று மட்டும் பச்சை. இருபத்து நாலாவது கட்டம்.

அது சித்தப்பாவின் வேலை. அப்பாவின் ஒரே தம்பி. வயரிங் வேலை செய்பவர். வீடு வாங்குவதற்கு முன் அப்பாவிடம் ஒரு லட்சம் வாங்கியிருந்தார். ஏழு வருஷத்துக்கு முன் அப்பா மூன்று மாதம் வெளியூர் வேலைக்குப் போனபோது எங்களுக்குத் துணையாக இங்கே தங்கினார். அப்பா திரும்பி வந்து பணத்தைக் கேட்டதும் பேச்சு முற்றியது. "குடுத்தாச்சு. உங்க கட்டத்தைப் போய்ப் பாருங்க" என்று சித்தப்பா சொன்னாராம். அப்பா போய்ப் பார்த்தார். பச்சையாக ஒரு கட்டம். அந்த மாதத் தவணையை வெளியூரிலிருந்து அனுப்பியது அப்பா. கலர் மட்டும் அடித்தது தம்பி. "ஒரு லட்சத்துக்குப் பதிலா ஒரு கட்டம் கலர் அடிச்சிட்டு என்னைக் கேலி பண்றான்" என்று அப்பா கத்தினார். அன்று எழுந்து போன சித்தப்பா இந்த வாசலை மிதிக்கவில்லை.

அதை விடுங்கள். காலை விஷயத்துக்கு வருகிறேன்.

"முதல் மாசம் 17,995 கட்டினீங்க. அதுல பதினஞ்சாயிரம் வட்டி. கடன்ல கழிஞ்சது 2,995."

அப்பா டம்ளரைக் கீழே வைத்தார். "ஆறுல ஒரு பங்கா?"

"ஆமாப்பா."

"ஆறு டைலுக்குக் காசு வாங்கிட்டு ஒரு டைல் பதிச்சிட்டுப் போனா நம்மள உயிரோட விடுவாங்களா?"

"அவங்க முட்டி போடாம பதிக்கிறாங்கல்ல, அதான் ரேட்டு ஜாஸ்தி" என்றான் அண்ணன். அவன் மெத்தைக் கம்பெனி வேன் ஓட்டுகிறான். வீட்டில் அவன் பெயரே மெத்தை. நான் வகுப்பில் சேர்ந்த நாளிலிருந்து அவனுக்கு ஆடிட்டரம்மா.

"மாசா மாசம் வட்டி கொஞ்சம் குறையும், அசல் கொஞ்சம் கூடும். ஆனா ரொம்ப மெதுவா. இதுவரைக்கும் நூத்தியெட்டுத் தவணை, பத்தொன்பது லட்சத்து நாப்பத்தி மூவாயிரம் கட்டியிருக்கோம். கடன்ல கழிஞ்சது அஞ்சு லட்சம்கூட இல்ல. பாக்கி பதினஞ்சு லட்சத்து நாலாயிரம்."

சொல்லும்போதே என் குரல் இறங்கியது. அடுத்து என்ன வரும் என்று எனக்குத் தெரியும்.

அப்பா சட்டைப் பையிலிருந்து பேங்க் கடிதத்தை எடுத்துப் பிரித்தார். "இதுல பாக்கி என்ன போட்டிருக்கு? படி."

"11,92,507."

"என் கட்டம் என்ன சொல்லுது? இன்னும் நூத்தி முப்பத்திரண்டு. அப்படின்னா பதினொரு லட்சம். என் கட்டத்துக்கும் பேங்குக்கும் ஒரு லட்சம்கூட வித்தியாசம் இல்ல. உன் நோட்டுக்கும் பேங்குக்கும் மூணு லட்சம் வித்தியாசம். இப்ப சொல்லு, யாரு கணக்கு கோணல்?"

அந்த மூன்று லட்சத்தை நானும் தேடிக்கொண்டுதான் இருந்தேன். மூன்று நாளாக.

"ஆடிட்டரம்மா ஃபீஸைத் திருப்பிக் கேளு" என்றான் மெத்தை.

"நீ சும்மா இருடா" என்றாள் அம்மா. அவள் ஆஸ்பத்திரி சலவைப் பிரிவில் மேற்பார்வை பார்க்கிறாள். காலை ஷிப்டுக்குக் கிளம்பிக்கொண்டிருந்தவள், வாசலில் செருப்பை மாட்டியபடி என்னைப் பார்த்துச் சொன்னாள்: "மூணு மணிக்கு வரும்போது அந்த நோட்டையும் எடுத்துட்டு வா."

தோற்ற கணக்கை எதற்கு எடுத்துவரச் சொல்கிறாள் என்று அப்போது யோசிக்கத் தோன்றவில்லை.

கடையில் பாதி நாள் வேலை செய்தேன். ஒரு லென்ஸின் பவர் தப்பாகத் தெரிந்தால் எங்கள் கடையில் ஒரு வழக்கம் உண்டு. தேய்த்தவர் திரும்பத் திரும்ப அளக்கக் கூடாது. மெஷினை மாற்றி அளக்க வேண்டும். பதினொரு மணிக்கு, கையில் ஒரு லென்ஸோடு நின்றபோதுதான் அது எனக்கு உறைத்தது. மூன்று நாளாக நான் ஒரே நோட்டைத்தான் திரும்பத் திரும்ப அளந்துகொண்டிருக்கிறேன். பேங்கின் முழுக் கணக்கை ஒரு தடவைகூடப் பார்க்கவில்லை. வருஷா வருஷம் தபாலில் வரும். அப்பா பிரிக்க மாட்டார். "கட்டம் இருக்கும்போது காகிதம் எதுக்கு?" என்பார். அம்மா வாங்கி எங்கேயோ வைத்துவிடுவாள்.

இரண்டரை மணிக்கு மெத்தை வேனைக் கொண்டுவந்தான். அப்பா முன்னால் ஏறினார். ஏறுவதற்கு இரண்டு கையாலும் கதவைப் பிடித்துக்கொண்டார். அம்மாவும் நானும் பின்னால், பிளாஸ்டிக் உறை பிரிக்காத ஒரு மெத்தை மேல்.

"கசக்கிடாதீங்க, அஞ்சு மணிக்கு டெலிவரி" என்று கத்தினான்.

அம்மா சிரித்தாள். பிறகு என் நோட்டின் மேல் கையை வைத்து, "எத்தனை தடவை போட்டுப் பாத்தே?" என்று கேட்டாள்.

"மூணு."

"மூணு தடவையும் ஒரே விடையா?"

"ஆமா."

"அப்புறம் என்னடி பயம்?" என்றாள்.

கடன் பிரிவு அதிகாரி ஒரு பெண். இடது கை மணிக்கட்டில் கட்டுப் போட்டிருந்தார். வலது கையால் மட்டும் கம்ப்யூட்டரில் தட்டிக்கொண்டிருந்தார். விண்ணப்பத்தை எங்கள் பக்கம் திருப்பி, கையெழுத்துப் போடும் இடங்களில் பெருக்கல் குறி போட்டுக் காட்டினார். அப்பா பேனாவின் மூடியைக் கழற்றினார்.

கேட்டுத் தப்பாகப் போனால் இந்த அதிகாரி முன்னாலும் அவமானம். கேட்காவிட்டால் இருபது வருஷம்.

"மேடம், முதல் தவணையிலிருந்து முழுக் கணக்கையும் ஒரு தடவை பாக்கலாமா?"

"எதுக்கும்மா அவங்க நேரத்தை வீணாக்கறே?" என்றார் அப்பா.

"கேக்கட்டும் சார். கேக்கிறவங்கதான் இங்க கம்மி" என்று அதிகாரி ஒற்றைக் கையால் தட்டினார். பிரிண்டர் மெதுவாக ஐந்து தாள்களைத் துப்பியது.

கணக்கு ஒத்துப்போகாவிட்டால் கீழேயிருந்து மேலே போ என்பது வகுப்பில் சொன்னது. கடைசித் தாளை எடுத்து நோட்டுக்குப் பக்கத்தில் வைத்தேன். ஸ்கேலை ஒவ்வொரு வரியாக மேலே நகர்த்தினேன். தொண்ணூற்றாறாவது மாதத்தில், தவணைக்குக் கீழே இன்னொரு வரி இருந்தது. தவணை அல்லாத வரவு, பதினைந்தாயிரம்.

எண்பத்து நாலாவது மாதத்தில் இன்னொன்று. எழுபத்திரண்டில் ஒன்று. அறுபது, நாற்பத்தெட்டு, முப்பத்தாறு. வருஷத்துக்கு ஒன்றாக ஆறு. எல்லாம் பதினைந்தாயிரம்.

"அப்பா, இது நீங்க கட்டினதா?"

"எது? மாசத் தவணையே மூச்சு முட்டுது. இதுல பதினஞ்சாயிரம் எங்கிருந்து?"

அதிகாரி திரையைப் பார்த்துவிட்டு அம்மாவைப் பார்த்தார். "கடன்ல ரெண்டாவது பேர் உங்களுதுதானே? ரசீதெல்லாம் உங்க கையெழுத்துலதான் இருக்கு."

அம்மா கைப்பையின் பிடியைத் திருகிக்கொண்டிருந்தாள்.

"வருஷக் கடைசிப் போனஸ்" என்றாள்.

"போனஸ் நிறுத்திட்டாங்கன்னு சொன்னியே?" என்றார் அப்பா.

"சொன்னேன்."

"ஆறு வருஷமா?"

"ஆறு வருஷத்துக்கு முன்னாடி ஒரு நாள் காலையில நீங்க கட்டில் விளிம்பைப் பிடிச்சுக்கிட்டு மூணு தடவை முயற்சி பண்ணித்தான் எழுந்தீங்க. நான் தூங்குற மாதிரி படுத்திருந்தேன். இந்த முட்டி இருபது வருஷம் தாங்காதுன்னு அன்னைக்கே தெரிஞ்சு போச்சு. எனக்கு உங்க மக மாதிரி கணக்கெல்லாம் தெரியாது. கடனைச் சீக்கிரம் குறைச்சா நல்லதுன்னு இங்க ஒருத்தர் சொன்னாரு. கட்டினேன்."

"என்கிட்ட ஒரு வார்த்தை சொல்லக் கூடாதா?"

"சொன்னா அந்தக் காசுல பெரிய டிவி வாங்கிட்டு வந்திருப்பீங்க."

டிவி விஷயத்தில் அப்பாவுக்குக் கெட்ட பெயர் ஏற்கனவே உண்டு.

என் கணக்கு சரி. அந்தச் சந்தோஷம் வர வேண்டிய இடத்தில் எனக்கு அம்மாவின் செருப்புதான் கண்ணில் பட்டது. வார் அறுந்து இரண்டு இடத்தில் தைத்த செருப்பு. ஆறு வருஷமாக அவள் புதிதாக எதையும் வாங்கி நான் பார்த்த ஞாபகம் இல்லை. பார்க்காத மாதிரி நான் இருந்திருக்கிறேன்.

"இதனால உங்களுக்கு நூத்தி முப்பத்திரண்டு தவணை பாக்கி இல்ல சார். இதே தொகையைக் கட்டிட்டு வந்தா தொண்ணூத்திரண்டுதான்" என்றார் அதிகாரி. "நாப்பது தவணை குறைஞ்சிருக்கு."

"தொண்ணூறாயிரத்துக்கா நாப்பது தவணை?" அப்பா என்னைப் பார்த்தார். வாழ்க்கையில் முதல் தடவையாக ஒரு கணக்குக்கு என்னைப் பார்த்தார். "கட்டுபடியாகுதாம்மா?"

நான் போட்டுப் பார்த்தேன். முன்கூட்டிக் கட்டும் பணம் மொத்தமும் அசலில் போய்க் கழிகிறது. அதற்கு வர இருந்த வட்டி அன்றிலிருந்து நின்றுவிடுகிறது. அம்மாவின் தொண்ணூறாயிரம் இன்று கடனில் ஒன்றேகால் லட்சத்தைக் குறைத்திருக்கிறது. ஆனால் என் நோட்டுக்கும் பேங்குக்கும் வித்தியாசம் மூன்று லட்சத்துப் பன்னிரண்டாயிரம்.

"இல்லப்பா. இன்னொண்ணு இருக்கணும். பெரிசா."

முதல் தாளுக்குப் போனேன். இருபத்து மூன்று வரி என் நோட்டோடு கடைசி இலக்கம் வரை ஒத்துப்போனது. இருபத்து நாலாவது மாதம். தவணைக்குக் கீழே: தவணை அல்லாத வரவு, ரொக்கம், ஒரு லட்சம்.

"அது நான் இல்ல" என்றாள் அம்மா உடனே. "அவ்வளவு பணத்தை நான் கண்ணால பாத்ததில்ல."

"கவுன்ட்டர்ல ரொக்கமா கட்டியிருக்காங்க" என்றார் அதிகாரி. "கடன் நம்பர் தெரிஞ்சா யாரு வேணும்னாலும் கட்டலாம். பழைய சீட்டு சேமிப்பு அறையில இருக்கும். எடுக்க ஒரு வாரம் ஆகும்."

அப்பா அந்தத் தேதியை விரலால் தொட்டுப் பார்த்தார். ஈரக் கலவையில் டைல் உட்கார்ந்துவிட்டதா என்று பார்ப்பாரே, அந்த மாதிரி. அந்த மாதம் அவர் ஊரில் இல்லை.

"அது அப்புறம்" என்றார். குரல் மாறியிருந்தது. "முதல்ல இது முடியட்டும். நீ சொல்ல வந்ததைச் சொல்லு."

நான் சொன்னேன். "இதே மாதிரி தொண்ணூத்திரண்டு தவணை கட்டினா இன்னும் பதினாறரை லட்சத்துல முடியும். இருபது வருஷத்துக்கு நீட்டினா மாசம் குறையும், ஆனா மொத்தம் இருபத்தஞ்சே முக்கால் லட்சம். ஒன்பது லட்சம் ஜாஸ்தி. இன்னொண்ணும் இருக்குப்பா. இவ்வளவு நாளும் தவணையில பாதிக்கு மேல வட்டிதான். வர்ற மாசம்தான் முதல் தடவையா அசல் வட்டியைத் தாண்டுது. ஒன்பதாயிரம் அசல், எட்டாயிரத்துத் தொள்ளாயிரம் வட்டி. இப்ப நீட்டினா, 10,729-ல மறுபடி எட்டாயிரத்துத் தொள்ளாயிரம் வட்டிக்குப் போயிடும்."

"மறுபடி ஆறுல ஒரு பங்கு" என்றார் அப்பா.

"ஆமாப்பா."

"பதிச்ச தரையைப் பேத்துட்டு மறுபடி பதிக்கிற வேலை."

"ஆமா."

அவர் பேனாவை மூடினார். பிறகு தன் முட்டியைப் பார்த்தார். "சரி. இதுக்கு உன் நோட்டுல என்ன போட்டிருக்கு?"

என் நோட்டில் அதற்குப் பத்தியே இல்லை. குறைந்த மொத்தம் எது என்று மட்டும்தான் நான் தேடியிருந்தேன். தொண்ணூற்றிரண்டு மாதம் 17,995 கட்ட அப்பா முழு நாளும் முட்டி போட வேண்டும். அதை நான் எந்த வரியிலும் எழுதவில்லை.

அம்மா அதிகாரியின் பக்கம் சாய்ந்தாள். "ஏம்மா, முதல்ல சொன்ன முடிவுத் தேதி, அந்த இருநூத்தி நாப்பதாவது மாசம், அது அப்படியே இருக்கட்டும். முன்னாடியே கட்டினதுக்கு மாசத் தொகையை மட்டும் குறைக்க முடியுமா?"

"முடியுமே." அதிகாரி தட்டினார். "14,263."

"வீடு சீக்கிரம் முடியணும்னு நான் கட்டல" என்றாள் அம்மா, யாரையும் பார்க்காமல். "இவரு முட்டிக்குத்தான் கட்டினேன். அந்த நாப்பதை அதுக்கே எடுத்துக்கலாம்."

அந்த நேரம் பார்த்து மெத்தை உள்ளே வந்தான். "வேனை எடுக்கச் சொல்லி வாட்ச்மேன் கத்துறாரு. இன்னும் எவ்வளவு நேரம்?"

"அப்பா நினைச்ச 10,729-க்கு மேல மாசம் மூவாயிரத்து ஐந்நூறு துண்டு விழுது" என்றேன். விஷயத்தை நாலு வரியில் சொன்னேன். அவன் அம்மாவை ஒரு தடவை பார்த்தான். கிண்டல் எதுவும் வரவில்லை.

"நான் ரெண்டாயிரம்" என்றான்.

"நான் ஆயிரத்து ஐந்நூறு."

"அப்ப அப்பாவுக்கு 10,763" என்று அதிகாரியே கழித்துச் சொன்னார். "நீங்க கேட்டு வந்ததைவிட முப்பத்தி நாலுதான் ஜாஸ்தி. மொத்தச் செலவு ஏழு லட்சம் குறையுது."

"அந்த முப்பத்தி நாலை நான் பாத்துக்கறேன்" என்றார் அப்பா கம்பீரமாக.

அதிகாரிக்குச் சிரிப்பு வந்துவிட்டது. கட்டுப் போட்ட கையால் பழைய விண்ணப்பத்தை அழுத்திப் பிடித்து, மற்றக் கையால் கிழித்தார். எழுந்தபோது நான் நன்றி சொன்னேன். "நீங்க கேட்டீங்க, நான் தட்டினேன். அவ்வளவுதான்" என்றார். அவ்வளவுதான் இல்லை என்று சொல்லத் தோன்றியது. சொல்லவில்லை. இங்கே எழுதி வைக்கிறேன்.

வேனில் நோட்டைத் திறந்தேன். தொண்ணூற்றிரண்டு மாதத்தில் முடிப்பதைவிட இந்த வழியில் இரண்டே கால் லட்சம் கூடுதல். அந்தத் தொகையை எழுதி, எதற்கு என்ற இடத்தில் "அப்பாவின் முட்டி" என்று எழுதினேன். எங்கள் வகுப்பில் இதற்கு மதிப்பெண் கிடைக்குமா என்று தெரியாது.

வீட்டுக்கு வந்தபோது ஐந்தரை. ஆறரைக்கு எனக்கு வகுப்பு. பையை மாட்டிக்கொண்டு நின்றபோது, அப்பா அம்மாவையும் என்னையும் படுக்கையறைக்குள் கூப்பிட்டு, கதவை மூடி, அதன் பின்பக்கத்தில் ஒட்டியிருந்த படத்தின் முன்னால் நின்றார்.

"இப்ப சொல்லும்மா. நான் கட்டின தவணையில எத்தனை கட்டம் நிஜமா நம்முது?"

"கட்டத்துக்கு 8,333 போட்டா, அறுபதுக்கு அரை குறைய."

"ஹால்." விரலால் ஹாலைச் சுற்றினார். "உங்கம்மா கட்டினது?"

"பதினஞ்சு."

"அந்த ஒரு லட்சம்?"

நான் இரண்டு தடவை போட்டுப் பார்த்துவிட்டுத்தான் சொன்னேன். "ஏழு வருஷம் ஆயிட்டதால அது இன்னிக்கு ஒண்ணே முக்கால் லட்சத்துக்கும் மேலப்பா. இருபத்திரண்டரைக் கட்டம்."

"அப்ப இந்தச் சமையலறையில நான் பதிச்சது ஒண்ணுகூட இல்ல."

அவர் சிரித்தார். சிரிப்பு பாதியிலேயே நின்றது. விரல் பச்சைக் கட்டத்தின் மேல் இருந்தது.

எனக்கு அப்போதுதான் ஞாபகம் வந்தது. எனக்குப் பதினைந்து வயது. பள்ளிக்கூடம் விட்டு வந்து பாடம் எழுதிக்கொண்டிருந்தேன். சித்தப்பா வியர்வையோடு உள்ளே வந்தார். "ஒரு கலர் பென்சில் குடு குட்டி" என்றார். சிவப்பு அப்பாவின் டூல் பெட்டிக்குள் பூட்டியிருந்தது. என்னிடம் பச்சைதான் இருந்தது. கட்டத்தை நிரப்பிவிட்டு, "உங்கப்பா வந்ததும் சந்தோஷப்படுவாரு பாரு" என்றார்.

"பென்சில் குடுத்தது நான்தாம்பா" என்றேன். மற்றதையும் சொன்னேன்.

அப்பா கட்டில் விளிம்பில் உட்கார்ந்தார். "குடுத்தாச்சு, கட்டத்தைப் பாருங்கன்னான். பாத்தேன். ஒரு கட்டம்தான் தெரிஞ்சுது. எல்லாத்தையும் ஒரே அளவாப் போட்டு வச்சவன் நான்தானே? அதுல ஒரு லட்சம் எப்படித் தெரியும்?"

"சீட்டு வரட்டும்ப்பா. ஒரு வாரம்தானே?"

"சீட்டு எதுக்கு? எனக்குத் தெரியாதா அவனை?" சட்டைப் பையிலிருந்து போனை எடுத்தார். பெயர்களை மேலும் கீழும் தள்ளினார். அவர் எப்போதோ அழித்துவிட்ட எண் அது.

எங்கள் பின்னால் நின்ற அம்மா, எதையும் பார்க்காமல், பத்து இலக்கத்தையும் மெதுவாகச் சொன்னாள். இன்று அவளைப் பற்றி எனக்குத் தெரிய வந்த இரண்டாவது விஷயம்.

அப்பா அழுத்தினார். மணி ஐந்து தடவை அடித்தது. எடுத்தது ஒரு பெண் குரல். எனக்குப் பழக்கமில்லாத குரல்.

"அவர் மேல ஏணியில நிக்கிறாரு. நீங்க யாரு பேசுறது?"

அப்பா என்னைப் பார்த்தார், அம்மாவைப் பார்த்தார், பச்சைக் கட்டத்தைப் பார்த்தார்.

"அவன் அண்ணன் பேசறேன்" என்றார்.

அந்தக் குரல் அவசர அவசரமாக, "வைக்காதீங்க. தயவு செஞ்சு வைக்காதீங்க" என்றது. செருப்புச் சத்தம் எங்கோ ஓடித் தேய்ந்தது.

என் வகுப்பு ஆறரைக்கு ஆரம்பித்துவிடும். பையைக் கழற்றி வைத்துவிட்டு நானும் கட்டிலில் உட்கார்ந்தேன்.

அப்பா வைக்கவில்லை.